தெருவைப் பார்த்து ஊரைப் படிப்பது: நாகர்கோவில், கன்னியாகுமரி பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வெளியூரிலிருந்து யார் வந்தாலும் ஞாயிற்றுக்கிழமை காலையில் ஊரைச் சுற்றி நடத்திக் கூட்டிக்கொண்டு போவது என் பழக்கம். வருகிறவர்கள் மாறுகிறார்கள், கேள்விகள் மாறுவதில்லை. அதனால் பதில்களை எழுதி வைக்கிறேன். பிடித்த விஷயம் வந்தால் நிறுத்தத் தெரியாது, பொறுத்துக்கொள்ளுங்கள்.

மதுரையில் கோயிலைச் சுற்றி வீதிகள் ஒழுங்காக இருக்கின்றன. நாகர்கோவிலில் எந்த ரோடு எங்கே போகிறதென்றே புரியவில்லையே?

மதுரைக்கு நடுவில் கோயில் இருக்கிறது. அதைச் சுற்றி ஆடி வீதி, சித்திரை வீதி, ஆவணி மூல வீதி, மாசி வீதி, வெளி வீதி. மாதத்தின் பெயரைச் சொன்னால் எந்தச் சுற்றில் நிற்கிறோம் என்று தெரிந்துவிடும். நாகர்கோவிலை அப்படி யாரும் கயிறு பிடித்துப் போடவில்லை. கோட்டாறு, வடசேரி, வடிவீசுவரம், ஒழுகினசேரி, இடலாக்குடி, கிருஷ்ணன்கோவில் என்று தனித்தனியாகக் கிடந்த ஊர்கள், இடையில் இருந்த வயலையும் தோப்பையும் தின்று வளர்ந்து ஒன்றோடொன்று முட்டிக்கொண்டதுதான் இன்றைய நகரம். வடசேரிக்குத் தறியும் கோயில் நகை வேலையும், கோட்டாறுக்கு வியாபாரம். ஒவ்வொன்றுக்கும் தன் கோயில், தன் சந்தை உண்டு. இப்போது நீங்கள் ஹாரன் அடித்துக்கொண்டு நிற்கிற ரோடெல்லாம் இந்த ஊர்களுக்கு நடுவே வண்டி போன தடம். அது வளையாமல் என்ன செய்யும்?

இவற்றில் மூத்தது கோட்டாறு. கிரேக்கப் புவியியலாளர் தாலமி 2-ம் நூற்றாண்டில் குறிப்பிடும் 'கொட்டியாரா' இந்த ஊர்தான் என்பது ஆய்வாளர்கள் பலரின் கருத்து. ஆரல்வாய்மொழிக் கணவாய் வழியாகக் கிழக்கிலிருந்து வந்த சரக்கும், கடற்கரையிலிருந்து ஏறிய சரக்கும் கைமாறிய இடம் அது. நகரத்துக்குப் பெயர் கொடுத்ததோ கோட்டாறு இல்லை, நாகராஜா கோயில். 1920-ல் நகராட்சியானது, 2019-ல் மாநகராட்சியானது. கோட்டாறு ஆட்கள் இன்றும் "நாகர்கோவிலுக்குப் போய்ட்டு வாறேன்" என்று சொல்லிவிட்டு ஒரு கிலோமீட்டர் நடப்பார்கள்.

வேப்பமூடு, புளியமூடு என்கிறார்களே, மூடு என்றால் என்ன? தெருப் பெயர்களுக்குக் கணக்கு உண்டா?

மூடு என்றால் மரத்தின் அடி. வேப்பமரத்தடியில் நாலு பேர் நின்றார்கள், பிறகு கடை வந்தது, பஸ் நின்றது, சந்திப்பாயிற்று. மேட்டுத் தோப்பு விளை ஆயிற்று. மாவட்டத்தில் விளை என்று முடிகிற ஊர்களை எண்ணி முடிக்க ஒரு நாள் போதாது. வயல்வெளியை ஏலா என்கிறோம். கோட்டாறு கம்பளம் என்றால் சந்தை. ஒரு நண்பரிடம் "கம்பளத்துக்குப் போவோம்" என்றேன். விரிக்கிற கம்பளம் வாங்கத்தான் போகிறோம் என்று நினைத்து அளவு கேட்டார்.

அரசர்களும் பெயர் வைக்காமல் இல்லை. சோழர்கள் இந்தப் பக்கத்தைப் பிடித்தபோது கோட்டாறு, கல்வெட்டுகளில் 'மும்முடிச்சோழநல்லூர்' ஆயிற்று. சுசீந்திரம் 'சுந்தரசோழச் சதுர்வேதிமங்கலம்' ஆயிற்று. இன்று பஸ்ஸில் ஏறி "மும்முடிச்சோழநல்லூருக்கு ஒரு டிக்கெட்" என்று கேட்டால் கண்டக்டர் உங்களை ஏற இறங்கப் பார்ப்பார். வேப்பமரத்தின் பெயர் நின்றது, சக்கரவர்த்தியின் பெயர் நிற்கவில்லை என்று பெருமையாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். ஒருநாள் கூட வந்த பெரியவர் ஒருவர் "அப்போ மார்த்தாண்டம்?" என்று கேட்டு என் வாயை அடைத்தார். நியாயம்தான். தொடுவெட்டி என்ற பழைய சந்தை ஊர் மார்த்தாண்டம் ஆகி, ராஜாவின் பெயரே நிலைத்துவிட்டது. தொடுவெட்டி என்று சொல்கிறவர்கள் இப்போது தலை நரைத்தவர்கள்.

நாகராஜா கோயில் முதலில் சமணக் கோயிலா?

தூண்களில் பாருங்கள். மகாவீரர், பார்சுவநாதர், பத்மாவதி உருவங்கள் இருக்கின்றன. 16-ம் நூற்றாண்டின் தொடக்கத்தில்கூட குணவீர பண்டிதன், கமலவாகன பண்டிதன் என்ற சமணர்களுக்குப் பள்ளிச்சந்தமாக, அதாவது சமணப் பள்ளிக்கு விடும் கொடையாக, நிலம் கொடுத்த கல்வெட்டுகள் அங்கே உண்டு. அதாவது நானூறு, ஐந்நூறு ஆண்டுக்கு முன்புவரை சமணம் இங்கே உயிரோடு இருந்திருக்கிறது. இன்னும் பின்னால் போகவேண்டுமென்றால் சிதறால் மலைக்கு ஏறுங்கள். 9-ம் நூற்றாண்டு வட்டெழுத்துக் கல்வெட்டில், அரட்டநேமி பட்டாரரின் மாணவி குணந்தாங்கிக் குரத்திகள் பகவதிக்குப் பொன் கொடுத்த செய்தி இருக்கிறது. குரத்தி என்றால் பெண் குரு. அப்படியொருவர் இந்த மலையில் இருந்தார் என்பதை நம் பாடப்புத்தகங்கள் இன்னும் உரக்கச் சொல்லலாம்.

நாகராஜா கோயிலில் எனக்குப் பிடித்தது வேறொன்று. அதே கோயிலில் அனந்தகிருஷ்ணனுக்கும் சன்னதி உண்டு. கொடிமரம் அனந்தகிருஷ்ணனுக்கு, தைத் தேர் அனந்தகிருஷ்ணனுக்கு. ஊருக்கே பெயர் கொடுத்த நாகராஜாவின் கருவறைக்கோ இன்றும் ஓலைக்கூரைதான். ஆண்டுதோறும் பழையதைப் பிரித்துப் புதிதாக வேய்கிறார்கள். சமணம் வந்து போனது, வைணவம் வந்தது, கல் மண்டபங்கள் வந்தன. நாகம் ஓலைக்கடியில்தான் இருக்கிறது.

மணிமேடை என்கிற மணிக்கூண்டை வெள்ளைக்காரன் கட்டினானா?

கட்டியது திருவிதாங்கூர் ஊர்க்காரர்கள், மூலம் திருநாள் மகாராஜாவின் வருகையை ஒட்டி. 1893-ல் அவரே திறந்து வைத்தார். பணத்தில் ஒரு பங்கு அரசருடையது, மீதி ஊர் மக்கள் போட்டது. உள்ளே ஓடும் கடிகாரம் இங்கிலாந்தில் டெர்பி நகரத்து ஸ்மித் கம்பெனி செய்தது. அதைக் கொடுத்தவர் லண்டன் மிஷனைச் சேர்ந்த டத்தி பாதிரியார். அவர் பெயரில்தான் டத்தி பள்ளி இருக்கிறது. அரண்மனை, மிஷன், ஊர்ப் பொதுமக்கள் என்று அந்தக் காலத்து நாகர்கோவிலை நடத்திய மூன்று தரப்பும் ஒரே கோபுரத்துக்குள் இருக்கின்றன. பக்கத்தில் ஒழுகினசேரியில் பிறந்த கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணன் சிலையாக நிற்கிறார். அரசர் வந்துபோனதற்குக் கட்டிய கோபுரத்தடியில் சிரிக்க வைத்தவனுக்கு இடம் கொடுத்ததில் எனக்கு ஒரு திருப்தி.

தெரு என்பது எல்லாருக்கும் பொதுதானே, அதில் என்ன வரலாறு?

இந்தக் கேள்விக்குத்தான் நான் அதிக நேரம் எடுப்பேன்.

தெரு பொது என்பது நம் மாவட்டத்தில் அடித்துப் பிடித்து வாங்கிய விஷயம். முதலில் உடுப்பில் தொடங்குகிறேன். திருவிதாங்கூரில் நாடார் பெண்கள் மேல்சீலை அணியக்கூடாது என்ற வழக்கத்தை எதிர்த்த தோள்சீலைப் போராட்டம் 1822-லிருந்து 1859 வரை அலை அலையாக நடந்தது. அடியும் துணி கிழிப்பும் நடந்தது வீட்டுக்குள் அல்ல, சந்தையிலும் வழியிலும். 1859 ஜூலை 26-ல் உத்திரம் திருநாள் மகாராஜா அறிவிப்பு வெளியிட்ட பிறகுதான் மேல்சீலை அணியும் உரிமை கிடைத்தது. அதுவும் மேல்சாதிப் பெண்கள் அணிகிற மாதிரி அணியக்கூடாது என்ற ஒட்டுச் சொல்லோடு.

அடுத்தது சுசீந்திரம். தாணுமாலயன் கோயில் கோபுரத்தை எல்லாரும் அண்ணாந்து பார்க்கிறார்கள். 134 அடி. 1545-ல் அடித்தளம் போட்டு 1888-ல் முடித்தது. 18 அடி ஆஞ்சநேயரையும் ஒலி எழுப்பும் தூண்களையும் காட்ட ஆள் இருக்கிறார்கள். குற்றம் சாட்டப்பட்ட நம்பூதிரியைக் கொதிக்கும் நெய்யில் கை முக்க வைத்த கைமுக்கு வழக்கம் இங்கேதான் நடந்தது, சுவாதித் திருநாள் காலத்தில் அதை நிறுத்தினார்கள் என்பதையும் சிலர் சொல்வார்கள். நான் கூட்டிக்கொண்டு போகிற இடம் கோயிலுக்கு வெளியே, தேர் ஓடும் வீதிகள். 1926-ல் அந்த வீதிகளில் ஒடுக்கப்பட்ட சாதியார் நடக்கக்கூடாது. உள்ளே போய்க் கும்பிடுவது அப்புறம், முதலில் ரோட்டில் நடக்க வேண்டும். வைக்கத்தில் 1924-ல் தொடங்கிய போராட்டம் முடிந்த கையோடு இங்கே சத்தியாக்கிரகம் தொடங்கியது. முன்னின்றவர் நாகர்கோவிலின் டாக்டர் எம்.இ.நாயுடு. அடி, கைது, நிறுத்தம், பிறகு 1930-ல் மறுபடி என்று அது இழுத்தது. 1936 நவம்பர் 12-ல் சித்திரைத் திருநாள் மகாராஜாவின் கோயில் நுழைவு அறிவிப்பு வந்தபோதுதான் கதவும் தெருவும் சேர்ந்து திறந்தன.

கோபுரத்தைக் கட்ட 343 ஆண்டு ஆயிற்று என்று வழிகாட்டிகள் வியந்து சொல்வார்கள். தேர்வீதியில் எல்லாரும் நடக்க அதைவிட எவ்வளவு கூடுதலாக ஆயிற்று என்று கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். அந்த வீதியில் ஒரு பெரிய நினைவுத்தூண் இருக்க வேண்டும் என்பது என் எண்ணம். ஆட்டோ நிற்கிறது, பூ விற்கிறார்கள், பள்ளிப் பிள்ளைகள் சைக்கிளில் போகிறார்கள். அப்படி நடப்பதே போதும் என்று சொல்கிறவர்களும் உண்டு. நான் இன்னும் முடிவுக்கு வரவில்லை.

அய்யா வைகுண்டருக்குச் சிலை எங்கே?

அய்யா வழியைத் தொடங்கியவர் வைகுண்டர். அவருடைய தலைமை வழிபாட்டிடமான சாமித்தோப்புப் பதியில் சிலை தேடாதீர்கள். பள்ளியறையில் இருப்பது கண்ணாடியும் விளக்கும். கும்பிடப் போகிறவன் தன் முகத்தைத்தான் பார்க்க வேண்டும். ஆண்கள் தலைப்பாகை கட்டிக்கொண்டுதான் உள்ளே போகவேண்டும். தலைப்பாகை மேல்சாதிக்கே உரியது என்று இருந்த காலத்தில் எல்லாரையும் கட்டச் சொன்னார் அவர். 1809-ல் பிறந்து 1851-ல் மறைந்த அய்யாவை அரசாங்கம் திருவனந்தபுரத்தில் சிறையும் வைத்தது. அவர் விட்டுப்போன கட்டடக்கலை என்று சொன்னால் எல்லாச் சாதியும் சேர்ந்து குளித்த முத்திரிக்கிணறும், ஊர் ஊராக இருக்கும் நிழல் தாங்கல்கள் என்ற சிறு வழிபாட்டிடங்களும்தான். கிணற்றையும் நினைவுச்சின்னமாகப் பார்க்கக் கற்றுக்கொண்டது நான் சாமித்தோப்பில்தான்.

குளச்சலில் தோற்ற டச்சுக்காரனுக்கும் கோட்டாறு தேவாலயத்துக்கும் என்ன சம்பந்தம்?

நல்ல கேள்வி, ஆனால் இதை யாரும் தானாகக் கேட்பதில்லை. நான்தான் கேட்க வைப்பேன்.

1741-ல் குளச்சலில் மார்த்தாண்ட வர்மாவின் படை டச்சுக் கம்பெனியைத் தோற்கடித்தது. பிடிபட்டவர்களில் ஒருவர் தெ லனாய். அரசர் அவரைக் கொல்லாமல் தன் படைக்குப் பயிற்சி கொடுக்க வைத்தார். உதயகிரிக் கோட்டை அவர் கைவேலையைக் கண்டது. அவரோடு பழகிய அரண்மனை அலுவலர், நட்டாலத்தில் பிறந்த நீலகண்ட பிள்ளை, கிறிஸ்து மார்க்கத்தை அறிந்து 1745-ல் வடக்கன்குளத்தில் ஞானஸ்நானம் பெற்று தேவசகாயம் ஆனார். 1752 ஜனவரி 14-ல் ஆரல்வாய்மொழி காற்றாடிமலையில் சுட்டுக் கொல்லப்பட்டார். உடலை அடக்கம் செய்தது கோட்டாறு சவேரியார் பேராலயத்தில். பிரான்சிஸ் சவேரியாரின் நினைவோடு அதற்கு முன்பே நின்ற கோயில் அது. 2022 மே 15-ல் ரோமில் தேவசகாயம் புனிதராக அறிவிக்கப்பட்டார். கடலோரத்தில் நடந்த ஒரு சண்டை, ஒரு கைதி, ஒரு நட்பு. கோட்டாறு தெருவில் இன்று திருவிழாக் கூட்டம் நெரிவதற்கு அதுவும் ஒரு காரணம். தெ லனாய் 1777-ல் இறந்தார். உதயகிரிக் கோட்டைக்குள் இடிந்த ஆலயத்தில் அவர் கல்லறை, லத்தீனிலும் தமிழிலும் எழுத்துப் பொறித்துக் கிடக்கிறது. தோற்றவருக்கு வென்றவர் ஊரில் தமிழில் கல்லெழுத்து.

கன்னியாகுமரியில் ஏன் எல்லாவற்றிலும் ஒரு எண் ஒளிந்திருக்கிறது?

அங்கே கட்டியவர்களுக்கெல்லாம் கணக்கில் ஆசை. காந்தி மண்டபத்தின் உயரம் 79 அடி, அவர் மறைந்தபோது நடந்துகொண்டிருந்தது 79-வது வயது. 1948 பிப்ரவரி 12-ல் அஸ்தியைக் கடலில் கரைப்பதற்கு முன் வைத்திருந்த இடத்தில் அக்டோபர் 2 நண்பகலில் வெயில் விழும்படி கூரையில் வழி விட்டிருக்கிறார்கள். கணபதி ஸ்தபதி செய்த திருவள்ளுவர் சிலை, பீடத்தோடு சேர்த்து 133 அடி, குறளின் அதிகாரங்கள். பீடம் மட்டும் 38 அடி, அறத்துப்பால். மேலே நிற்கும் 95 அடி, பொருளும் இன்பமும். அறத்தின் மேல் மற்ற இரண்டும் நிற்கின்றன என்று சொல்ல ஒரு சிற்பிக்கு இதைவிட நேரான வழி இருந்திருக்காது. 2000 ஜனவரி 1-ல் திறந்தார்கள். 2004 சுனாமி அதன் மேல் ஏறி இறங்கியது, சிலை அசையவில்லை.

காந்தி மண்டபத்தைப் பார்க்கும்போது இன்னொன்றையும் நினைத்துக்கொள்ளுங்கள். 1925-ல் காந்தி குமரியம்மன் கோயிலுக்கு வந்தபோது, கடல் கடந்து இங்கிலாந்து போனவர் என்பதால் கருவறைப் பக்கம் விடவில்லை. நுழைவு அறிவிப்புக்குப் பிறகு 1937-ல் மறுபடி வந்தார், அப்போது தடை இல்லை. அவரை நிறுத்திய கோயிலுக்குக் கூப்பிடு தூரத்தில்தான் இப்போது அவருடைய மண்டபம்.

விவேகானந்தர் பாறையில் சண்டை நடந்ததா?

நடந்தது. 1892 டிசம்பரில் விவேகானந்தர் அங்கே தியானம் செய்தார் என்பது ஒரு நினைவு. குமரியம்மனின் பாதம் பதிந்த ஸ்ரீபாதப் பாறை என்பது இன்னொன்று. மீன்பிடிக்கும் கத்தோலிக்க மக்கள் அது தங்கள் சவேரியாருக்கு உரியது என்று சிலுவை நட்டார்கள். விவேகானந்தர் நூற்றாண்டை ஒட்டி 1962, 1963-ல் பிரச்சினை முற்றியது. ஏக்நாத் ரானடே 323 நாடாளுமன்ற உறுப்பினர்களிடம் கையெழுத்து வாங்கினார், நாடு முழுக்க ஒரு ரூபாய், இரண்டு ரூபாயாகப் பணம் திரட்டினார். 1970 செப்டம்பர் 2-ல் குடியரசுத் தலைவர் வி.வி.கிரி திறந்துவைத்தார். வென்ற தரப்பின் கட்டடம் பாறையில் நிற்கிறது. மற்ற தரப்பின் நினைவு கரையில், அலங்கார உபகார மாதா கோயில் கோபுரமாக நிற்கிறது. படகில் போகும்போது இரண்டையும் ஒரே பார்வையில் பிடிக்கலாம். 2024 டிசம்பர் 30-லிருந்து பாறைக்கும் வள்ளுவர் சிலைக்கும் நடுவே 77 மீட்டர் கண்ணாடிப் பாலம் வேறு வந்துவிட்டது. எல்லாரும் கீழே குனிந்து கடலைப் பார்க்கிறார்கள், கரையை யாரும் பார்ப்பதில்லை.

பத்மநாபபுரம் அரண்மனை தமிழ்நாட்டில்தானே இருக்கிறது, டிக்கெட் கொடுப்பது ஏன் கேரள அரசு?

1956 நவம்பர் 1-ல் அகஸ்தீஸ்வரம், தோவாளை, கல்குளம், விளவங்கோடு என்ற நான்கு தாலுகாக்களும் தமிழ்நாட்டோடு, அன்றைய சென்னை மாநிலத்தோடு, சேர்ந்தன. அரண்மனையோ கேரளத்தின் பொறுப்பிலேயே தங்கிவிட்டது. 18-ம் நூற்றாண்டின் இறுதியில் திருவனந்தபுரத்துக்குப் போகும்வரை திருவிதாங்கூரின் தலைநகரம் அதுதான். எல்லைக்கோட்டை வரைந்தவர்கள் மண்ணைப் பிரித்தார்கள், மரத்தூண்களைப் பிரிக்க முடியவில்லை.

ஆனால் அரண்மனையைவிட நவராத்திரியைப் பாருங்கள். பத்மநாபபுரத்துச் சரஸ்வதி, வேளிமலை முருகன், சுசீந்திரத்து முன்னுதித்த நங்கை மூன்று பேரும், அரச வாளோடு, ஊர்வலமாகத் திருவனந்தபுரம் போவார்கள். இரண்டு மாநிலத்துப் போலீசும் மரியாதை கொடுக்கும். களியக்காவிளையில் எல்லை தாண்டும்போது வழியெல்லாம் விளக்கு வைத்து நிற்பார்கள். எந்தக் கல்லிலும் எழுதாத வரலாறு ஆண்டுக்கொரு முறை அந்த ரோட்டில் நடந்து போகிறது. மற்ற நாட்களில் அது லாரியும் தென்னங்காயும் போகிற சாதாரண நெடுஞ்சாலை.

நேசமணியின் மணிமண்டபத்துக்கு நவம்பர் 1-ல் ஏன் மாலை போடுகிறார்கள்?

மேலே சொன்ன சேர்க்கை தானாக நடக்கவில்லை. திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் போராடியது, அதன் தலைமையில் மார்ஷல் நேசமணி. 1954 ஆகஸ்ட் 11-ல் விடுதலை நாள் ஊர்வலங்களின்மீது மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் சுட்டது. சிலர் திரும்பி வரவில்லை. நாகர்கோவிலில் மணிமண்டபம் இருக்கிறது, புதுக்கடையில் தியாகிகள் தூண் இருக்கிறது. மணிமண்டபத்துக்கு ஆட்சியர் வருகிறார். தூணுக்கு, அந்த நாளில் வந்தால், இறந்தவர்களின் பேரப்பிள்ளைகளைப் பார்க்கலாம்.

இடலாக்குடியில் சதாவதானி செய்குத்தம்பிப் பாவலருக்கும் நினைவு மண்டபம் உண்டு. 1907-ல் சென்னையில் ஒரே நேரத்தில் நூறு விஷயங்களில் கவனம் வைத்துக் காட்டியவர். தேரூரில் கவிமணி, பூதப்பாண்டியில் ஜீவா. இதற்கெல்லாம் தனி ஞாயிற்றுக்கிழமை வேண்டும்.

ஒரு காலை மட்டும் இருக்கிறது. எங்கே நடக்கலாம்?

ஆறு மணிக்கு நாகராஜா கோயில். தூணையும் ஓலையையும் பாருங்கள். அங்கிருந்து மணிமேடை, வழியில் டீ. பிறகு கசபா சபை ஆலயம். 1819-ல் அடிக்கல் போட்டது, கட்டுவதற்கு ராணி பார்வதி பாயின் அரசாங்கம் யானைகளைக் கொடுத்து உதவியது. வேப்பமூடு வழியாக இறங்கிக் கோட்டாறு பேராலயம், கம்பளம். வெயில் ஏறிவிடும். டவுன் பஸ் பிடித்துச் சுசீந்திரத்தில் இறங்குங்கள். கோயிலுக்குள் போக ஆண்கள் சட்டையைக் கழற்ற வேண்டும். அதற்கு முன் நான்கு தேர்வீதியையும் ஒரு சுற்று சுற்றி வாருங்கள். அதற்குச் சட்டையோ செருப்போ கழற்ற வேண்டாம், அது பொது ரோடு.